மலை உச்சியில் இருவர், பின்னால் எத்தனை பேர்?

கள்ளக்குறிச்சியிலிருந்து சின்னசேலம், ஆத்தூர் வழியாகச் சேலம் போகும் பஸ்ஸில் வலப்பக்கம் உட்கார்ந்தால், கல்வராயன் மலை வெகுதூரம் கூடவே வரும். அந்தச் சாலை போய்ச் சேரும் ஊரில்தான் மாடர்ன் தியேட்டர்ஸ் ஸ்டூடியோ இருந்தது. 1950இல் ‘மந்திரிகுமாரி’ அங்கிருந்துதான் வந்தது. அதைச் சிலர் எம்.ஜி.ஆர். படம் என்பார்கள், சிலர் கலைஞர் படம் என்பார்கள். இரண்டும் சரிதான். ஆனால் அந்த இரண்டு பெயரோடு கணக்கு முடிவதில்லை. டீயை ஆற்றிக் குடியுங்கள், ஒரே ஒரு காட்சியை வைத்துச் சொல்கிறேன்.

ராஜகுருவின் மகன் பார்த்திபன், ஊருக்குத் தெரியாத கொள்ளைக்காரன். மனைவி அமுதவல்லியைக் கொல்வதற்காக மலை உச்சிக்கு அழைத்துப் போகிறான். விஷயம் தெரிந்ததும் அவள், சாகும் முன் கணவனை மூன்று முறை வலம் வர வேண்டும் என்கிறாள். சுற்றி வருகிறாள், பின்னாலிருந்து அவனைத் தள்ளிவிடுகிறாள்.

இந்தக் கதையின் வேர் குண்டலகேசியில் இருக்கிறது. ஐம்பெருங்காப்பியங்களில் ஒன்றான அந்தப் பௌத்த நூலில் நமக்குக் கிடைத்திருப்பவை சில பாடல்களே. அதன் கதையை எடுத்து முதலில் மேடை நாடகமாகவும் பிறகு திரை வசனமாகவும் எழுதியவர் மு. கருணாநிதி. படம் வெளியானபோது அவருக்கு வயது 26.

உச்சியில் நிற்பவர்கள் எஸ்.ஏ. நடராஜனும் மாதுரி தேவியும். மலையேறும்போது பாட்டில் ஒலிக்கும் குரல்கள் திருச்சி லோகநாதனுடையவை, ஜிக்கியுடையவை. மெட்டு ஜி. ராமநாதன். கேமரா ஜே.ஜி. விஜயம். கதாநாயகன் எம்.ஜி.ஆருக்கு அந்த உச்சியில் வேலையே இல்லை. படத்தின் பெரிய முடிவை எடுப்பவள், தலைப்பில் இருக்கும் பெண்தான்.

இயக்கியவர் யார்? எல்லிஸ் ஆர். டங்கன், டி.ஆர். சுந்தரம் என்று இரண்டு பெயர் வரும். டங்கன் அமெரிக்கர். எம்.ஜி.ஆரின் முதல் படமான ‘சதி லீலாவதி’யை 1936இல் இயக்கியவரும் அவரே. தமிழ் பேசத் தெரியாமலே தமிழ்ப் படங்கள் எடுத்தவர். ‘மந்திரிகுமாரி’ முடியும் முன்பே அவர் ஊர் திரும்பிவிட, மீதியை முதலாளி சுந்தரமே எடுத்து முடித்தார்.

இயக்குநர் பாதியில் போயும் படம் ஏன் நிற்கவில்லை? இதைத்தான் நிதானமாகப் புரிந்துகொள்ள வேண்டும். திருச்செங்கோட்டுக்காரரான சுந்தரம், இங்கிலாந்தில் ஜவுளித் தொழில்நுட்பம் படித்துவந்தவர். 1935இல் தொடங்கிய ஸ்டூடியோவை ஓர் ஆலை போலவே நடத்தினார். படப்பிடிப்புத் தளம், ஒலிப்பதிவு, லேப் எல்லாம் ஒரே வளாகம். எழுத்தாளர், நடிகர், தொழில்நுட்பக்காரர் என்று பலருக்கும் மாதச் சம்பளம். ஒருவர் எழுந்து போனாலும் மற்றவர்களுக்கு அடுத்து என்ன என்று தெரியும். அந்த ஒழுங்கில்தான் நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் வந்தன. தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ 1956இல் வந்ததும் அங்கிருந்தே.

1963இல் சுந்தரம் மறைந்தார். ஏற்காடு சாலையில் அந்த ஸ்டூடியோவின் முகப்பு வளைவு மட்டும் இன்றும் நிற்கிறது. வளைவைப் படம் எடுத்துக்கொள்கிறவர்கள், அதன் வழியாக வேலைக்குப் போய் வந்தவர்களின் பெயர்களையும் தெரிந்துகொள்ள வேண்டும் என்பது என் ஆசை. அவை எங்கும் ஒளிந்திருக்கவில்லை. படம் தொடங்கும்போது திரையில் வருகின்றன. பழைய படம் போட்டால் அந்த எழுத்துகளை ஓட்டிவிடாதீர்கள். பிள்ளைகளைப் பக்கத்தில் உட்கார வைத்து, உரக்கப் படிக்கச் சொல்லுங்கள்.