தணிகை மலையின் பஞ்சாங்கம்

கதை எழுதுகிறவர்களுக்கு ஒரு சௌகரியம் உண்டு. உலகத்தையே அவர்கள் சிருஷ்டித்து விடுவதால், அதற்கு வேண்டிய பஞ்சாங்கத்தையும் தாங்களே வகுத்துக் கொள்ளலாம். ஆங்கில ஆசிரியர் டோல்கீன் தம் கற்பனை நாட்டுக் குள்ளர்களுக்கு இப்படி ஒரு பஞ்சாங்கம் இயற்றி, 1955-ல் வெளிவந்த தமது நூலின் இறுதிப் பாகத்தில் அநுபந்தமாகச் சேர்த்தார். மாதம் பன்னிரண்டு, ஒவ்வொன்றுக்கும் சரியாக முப்பது நாள், மிச்சமுள்ள ஐந்து நாட்களும் எந்த மாதத்திலும் சேராமல் தனியே நிற்கும். பார்ப்பதற்கு வெகு அழகுதான். அந்த நாட்டுப் பிரஜைகள் மசியில் பிறந்தவர்களாகையால், "எங்கள் பழைய பண்டிகை எங்கே?" என்று கேட்டு ஆசிரியரிடம் சண்டைக்கு வரமாட்டார்கள்.

மெய்யான பிரஜைகளிடம் இந்தக் கணக்குச் செல்லவில்லை. பிரெஞ்சுப் புரட்சிக்காரர்கள் 1793-ல் இதே மாதிரி முப்பது நாள் மாதங்களை வகுத்தார்கள். வாரத்துக்கு ஏழு நாள் என்பதையும் மாற்றிப் பத்து நாளாக்கினார்கள். ஏழு நாளுக்கு ஒரு முறை ஓய்ந்திருந்த உழைப்பாளி, இனிப் பத்து நாளுக்கு ஒரு முறைதான் ஓயலாம் என்றால் அது அவனுக்கு எவ்வாறு ருசிக்கும்? 1806 ஜனவரி முதல் தேதியோடு நெப்போலியன் அதைக் கைவிட்டான். நமக்கு அண்டையிலேயே திப்பு சுல்தான் தம் ராஜ்யத்தில் புதிய சகாப்தமும் மாதங்களுக்குப் புதுப் பெயர்களும் ஏற்படுத்தினார். 1799-ல் ஸ்ரீரங்கபட்டணம் வீழ்ந்ததும் அவையும் மறைந்தன.

காகிதத்தில் அல்லாமல் கல்லில் எழுதப்பட்ட பஞ்சாங்கம் ஒன்று சென்னைக்குச் சுமார் 85 கிலோமீட்டர் தூரத்தில் இருக்கிறது. அதுதான் திருத்தணிகை மலையின் படிவரிசை. படிகள் 365, வருஷத்தின் நாட்களும் 365, நாளுக்கு ஒரு படி என்பது பக்தர்கள் கொண்டாடும் பொருத்தம். ஆனால் ஜோதிஷ சாஸ்திரி ஒருவர் இந்தப் படிகளில் ஏறினால், உச்சியில் சற்றுத் தயங்கத்தான் செய்வார். நம் பஞ்சாங்கக் கணிதப்படி வருஷம் என்பது 365 நாளும் 15 நாழிகை 31 விநாழிகையும் கொண்டது. அந்தக் கால் நாள் சொச்சத்துக்குப் படி ஏது?

உலகத்துப் பஞ்சாங்கங்களின் தொல்லையெல்லாம் இந்தச் சொச்சத்தில்தான் இருக்கிறது. டோல்கீனைப் போல் முப்பது முப்பதாக நறுக்காமல், சூரியன் ஒரு ராசியைக் கடக்க எத்தனை நாள் எடுக்கிறானோ அத்தனை நாளையே மாதமாக நம் முன்னோர் கொண்டார்கள். ஆகையால்தான் ஆனி 32 நாள் வரை நீள்கிறது. மார்கழி 29 அல்லது 30-ல் முடிந்து விடுகிறது. ஜூலைத் தொடக்கத்தில் பூமி சூரியனுக்கு வெகு தூரத்தில் மெதுவாகச் செல்வதும், ஜனவரியில் நெருங்கி விரைவதும் அதற்குக் காரணம்.

திருத்தணியில் வேறொரு விசேஷமும் உண்டு. அங்கே தமிழும் தெலுங்கும் அடுத்தடுத்த வீடுகளில் வழங்குகின்றன. தமிழருக்கு வருஷப் பிறப்பு சூரியன் மேஷத்தில் புகும் நாள். தெலுங்கருக்கு யுகாதி, சந்திரனைக் கொண்டு சைத்ர சுக்ல பிரதமையில் வருவது. அறுபது வருஷப் பெயர்களோ இரு சாராருக்கும் ஒன்றே. 2025-ல் யுகாதி மார்ச் 30. தமிழ்ப் புத்தாண்டு ஏப்ரல் 14. ஆக, பதினைந்து நாட்களுக்கு ஒரு வீடு விசுவாவசுவிலும் பக்கத்து வீடு குரோதியிலும் குடியிருந்தன! முந்திய வருஷம் இந்த இடைவெளி ஐந்தே நாள்தான். இதனால் யாருக்கும் யாதொரு நஷ்டமும் உண்டாகவில்லை. ஆடிக் கிருத்திகை வந்தால் இரு பாஷைக்காரரும் புஷ்பக் காவடி எடுத்து ஒரே மலையில்தான் ஏறுகிறார்கள்.

ராஜாங்க எல்லைகள் அவ்வளவு பொறுமையாக இருக்கவில்லை. 1953-ல் ஆந்திர ராஜ்யம் பிரிந்தபோது சித்தூர் ஜில்லாவோடு திருத்தணியும் அங்கே போயிற்று. ம. பொ. சிவஞானம், மங்கலங்கிழார் முதலியோர் நடத்திய வடக்கெல்லைப் போராட்டத்துக்குப் பின், 1960 ஏப்ரல் முதல் தேதி அது சென்னை ராஜ்யத்துக்குத் திரும்பியது.

சுதந்திர இந்தியாவும் ஒரு பஞ்சாங்கம் இயற்றியது. தேசத்தில் முப்பது முறைகள் வழங்குவதைக் கண்டு, மேகநாத் சாஹா என்ற பெரிய விஞ்ஞானியின் தலைமையில் 1952-ல் ஒரு கமிட்டி நியமித்தார்கள். அவர் சொன்னது முற்றும் நியாயம். நம் வருஷம் பருவங்களின் வருஷத்தைவிடச் சுமார் 24 நிமிஷம் நீளமானது. அறுபது வருஷத்துக்கு ஒரு நாள் வீதம் பின்தங்குகிறது. இரவும் பகலும் சமமாகும் மார்ச் 21-ஐ ஒட்டி ஒரு காலத்தில் பிறந்த வருஷம், இன்று ஏப்ரல் 14-ல் பிறக்கிறது. இப்படியே விட்டால், ஆடிப் பட்டத்து விதைப்பு இன்னும் பதினெட்டு நூற்றாண்டில் ஒரு மாதம் தள்ளிப் போய் ஆனிக்கு வந்துவிடும். ஆகவே மார்ச் 22-ல் தொடங்கும் சக வருஷப் பஞ்சாங்கம் 1957-ல் அமுலுக்கு வந்தது.

அது அரசாங்க கெஜட்டில் இன்றும் அச்சாகிறது. ஆனால் அதைப் பார்த்துப் பெண்ணுக்கு முகூர்த்தம் வைத்த வீடு தமிழ் நாட்டில் ஒன்றேனும் உண்டா? கணக்குச் சரியாக இருந்தும், அதில் ஜனங்கள் செய்வதற்கு ஒரு காரியமும் இல்லை என்பதே அதன் குறை என்பது நம் அபிப்பிராயம்.

இதற்கு நேர் எதிரான உதாரணமும் திருத்தணியில்தான் இருக்கிறது. ஆங்கில ஆட்சியில் ஜனவரி முதல் தேதியன்று மாலையும் பழமும் எடுத்துக்கொண்டு துரைமாரின் பங்களாக்களுக்கு நடப்பது உத்தியோகஸ்தர்களின் வழக்கம். திருப்புகழைத் தமிழ் நாடெங்கும் பரப்பிய வள்ளிமலை சச்சிதானந்த ஸ்வாமிகளுக்கு இது பொறுக்கவில்லை. மனிதத் துரையைக் காண்பதைவிடத் தணிகைத் துரையைக் காணலாமே என்று எண்ணி, 1917 டிசம்பர் 31-ல் அவர் படித் திருவிழாவைத் தொடங்கியதாகச் சொல்வார்கள். ஆங்கிலத் தேதியை அவர் பகிஷ்கரிக்கவில்லை. புதுக் கணிதம் எதுவும் செய்யவில்லை. அந்த ராத்திரியில் செய்வதற்கு ஒரு காரியத்தைக் கொடுத்தார். அவ்வளவுதான். துரைமார் கப்பலேறிப் போய் எத்தனையோ காலம் ஆயிற்று, திருவிழா நிற்கவில்லை.

அந்த இரவில் தமிழ்ப் பஞ்சாங்கத்தில் மார்கழி பாதி கழிந்திருக்கும். கெஜட்டின்படி பௌஷ மாதம் பத்தாந் தேதி. யுகாதிக்கு இன்னும் இரண்டரை மாதத்துக்கு மேல் இருக்கும். பஜனை கோஷ்டியார் கீழ்ப் படியில் மஞ்சள் பூசிக் குங்குமமிட்டுக் கர்ப்பூரம் ஏற்றி, படிக்கு ஒரு திருப்புகழாகப் பாடிக்கொண்டு மேலே ஏறுவார்கள்.