தெரியாத கடை, தெரிந்த தொகை

கடன் அட்டையின் மாதாந்தரக் கணக்கறிக்கை வந்ததும் நம்மில் பெரும்பாலோர் பார்ப்பது இரண்டே இடங்களைத்தான்: கட்ட வேண்டிய மொத்தத் தொகை, கட்ட வேண்டிய கடைசித் தேதி. மளிகைச் சிட்டையில் ஒரு கிலோ துவரம் பருப்பு இரண்டு கிலோவாக எழுதப்பட்டிருந்தால் உடனே கண்டுபிடித்துவிடும் வீடுகளில்கூட, அட்டைக் கணக்கின் நடு வரிகள் படிக்கப்படாமலே போய்விடுகின்றன. என்றாவது ஒரு நாள் கண் அங்கே நிற்கும்போது கேள்விப்படாத ஒரு நிறுவனத்தின் பெயர் தென்படுகிறது. நெஞ்சு படபடக்கிறது. உடனே தொலைபேசியை எடுக்கத் தோன்றுகிறது. எடுக்க வேண்டியதுதான், ஆனால் அதற்கு முன் ஐந்து நிமிடம் ஒதுக்கி அந்த வரியைச் சரியாகப் படித்துவிடுவது நல்லது.

தில்லி கோல் மார்க்கெட்டையே எடுத்துக்கொள்வோம். புதுதில்லி உருவாகிக்கொண்டிருந்த காலத்தில், 1921-இல், பன்னிரண்டு பக்கங்களோடு எழுப்பப்பட்ட சந்தைக் கட்டடம் அது. இந்தியில் ‘கோல்’ என்றால் வட்டம். சுற்றிலும் அரசு ஊழியர் குடியிருப்புகள். சற்றுத் தள்ளி மந்திர் மார்கில் தில்லித் தமிழ்க் கல்விக் கழகத்தின் பள்ளி. மத்திய அரசுப் பணிக்காகத் தலைநகருக்கு வந்த தமிழ்க் குடும்பங்கள் பலவற்றுக்கு இந்த வட்டாரம் பழக்கமானது. வட்டக் கட்டடத்திலிருந்த கடைகள் காலி செய்யப்பட்டு ஆண்டுகள் பலவாகிவிட்டன. ஆனாலும் சுற்றியுள்ள தெருக்களின் வியாபாரம் இன்றும் அதன் பெயரால்தான் நடக்கிறது. பெயர்ப்பலகை ஒன்று, பின்னாலிருக்கும் பொருள் வேறு என்பதற்கு இதைவிடப் பொருத்தமான இடம் கிடைப்பது அரிது.

இங்கே ஓர் இனிப்புக் கடையில் சனிக்கிழமை மாலை 1,480 ரூபாய்க்கு அட்டையில் இனிப்பு வாங்கியதாக வைத்துக்கொள்வோம். மூன்று வாரம் கழித்து வரும் கணக்கறிக்கையில் கடையின் பெயர் இல்லை. கோல் மார்க்கெட் என்ற சொல்லும் இல்லை. ஏதோ ஒரு தனியார் நிறுவனத்தின் பாதிப் பெயர், பக்கத்தில் குருகிராம் என்று ஊர், தேதியோ திங்கட்கிழமை. தொகை மட்டும் அதே 1,480. இது மோசடியா? பெரும்பாலும் இல்லை.

அட்டைப் பரிவர்த்தனைச் செய்தியில் வணிகரின் பெயருக்கு ஒதுக்கப்படும் இடம் 22 முதல் 25 எழுத்துகள் வரைதான், ஊருக்கு 13. அதற்குள் அடங்காதது வெட்டப்படும். அதிலும் அங்கே எழுதப்படுவது கடைவாசலில் தொங்கும் பெயராக இருக்க வேண்டும் என்பதில்லை. அட்டை இயந்திரத்தைப் பெறும்போது வணிகர் தம் வங்கியிடம் பதிவு செய்த பெயர் அது. தாத்தா காலத்துப் பலகை முன்னால் இருக்கும். பேரன் தொடங்கிய கம்பெனியின் பெயரில் கணக்கு இருக்கும். ஊரும் அப்படியே: பதிவு அலுவலகம் எங்கே இருக்கிறதோ அந்த ஊர். இணையத்தில் வாங்கினாலோ, இடையில் நின்று பணம் வசூலித்துத் தரும் ரேசர்பே, பேயூ, பில்டெஸ்க் போன்ற நிறுவனத்தின் பெயர் முன்னால் ஒட்டிக்கொள்ளும். கடையின் பெயர் வால் போல மீதி இடத்தில் தொங்கும். தேதி மாறுவதற்குக் காரணம், நாம் அட்டையைக் கொடுத்த நாளும் அந்தத் தொகை கணக்கில் ஏறிய நாளும் வேறு வேறாக இருப்பதுதான்.

ஆகவே பெயரை விட்டுவிட்டுத் தொகையைப் பிடித்துக்கொள்வதே சரியான வழி. பெயர் ஏமாற்றும், தொகை அவ்வளவாக ஏமாற்றாது. அந்தத் தொகைக்கான குறுஞ்செய்தி கைப்பேசியில் எந்த நாள், எந்த நேரத்தில் வந்தது என்று தேடுங்கள். நேரம் தெரிந்துவிட்டால் அப்போது எங்கே இருந்தோம் என்பது நினைவுக்கு வந்துவிடும். இன்னொரு துப்பும் உண்டு. ஒவ்வொரு வணிகருக்கும் அவர் செய்யும் தொழிலைக் குறிக்கும் நான்கு இலக்க எண் தரப்பட்டிருக்கிறது: மளிகைக் கடைக்கு 5411, இனிப்பு மிட்டாய்க் கடைக்கு 5441, ரொட்டிக் கடைக்கு 5462, உணவகத்துக்கு 5812. இது கணக்கறிக்கையில் வழக்கமாக அச்சிடப்படுவதில்லை. வங்கியின் வாடிக்கையாளர் சேவை மையத்தில் கேட்டால் எந்த வகைக் கடை என்பதையாவது சொல்வார்கள். ‘இனிப்புக் கடை’ என்ற ஒரு சொல் பல வீடுகளில் குழப்பத்தைத் தீர்த்துவிடும்.

அடுத்து, வீட்டாரைக் கேளுங்கள். இது அற்பமான யோசனையாகத் தோன்றலாம். ஆனால் தில்லியில் வேலை பார்க்கும் மகன், மாம்பலத்திலிருக்கும் தாய்க்கு இணை அட்டை வாங்கிக் கொடுத்திருக்கிறார். இரண்டு அட்டைகளின் செலவும் ஒரே அறிக்கையில் வருகிறது. பேத்தியின் கைப்பேசி விளையாட்டுக்கு அட்டை விவரம் ஒருமுறை பதியப்பட்டிருக்கிறது. ஓராண்டுக்கு முன் இலவசம் என்று சேர்ந்த திரைப்படச் சந்தா இப்போது கட்டணமாகிவிட்டது. மாதந்தோறும் தானாகப் பிடிக்கப்படும் தொகைகளுக்கு 24 மணி நேரத்துக்கு முன்பே அறிவிப்பு அனுப்பப்பட வேண்டும் என்ற விதி 2021 அக்டோபர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அந்த அறிவிப்பை விளம்பரம் என்று எண்ணி அழித்துவிடுவோர் நம் வாசகர்களிலும் இருப்பார்கள்.

இத்தனை தேடியும் விளங்கவில்லை என்றால், இரண்டில் ஒன்று. ஒன்று, நாம் செய்யாத பரிவர்த்தனை. மற்றொன்று, நாம் செய்ததுதான், ஆனால் தொகை தவறு: இருமுறை பிடிக்கப்பட்டிருக்கிறது, பொருள் வரவில்லை, திருப்பித் தந்த பொருளுக்குப் பணம் வரவில்லை. இவை இரண்டும் வேறு வேறு பாதைகள். புகார்ப் படிவத்தில் அவசரத்தில் ‘மோசடி’ என்ற கட்டத்தைக் குறித்துவிட்டால் அட்டை முடக்கப்படும். ஆனால் விசாரணையில் நம் ரகசிய எண்ணே பயன்பட்டிருப்பது தெரியவந்து புகார் தள்ளுபடியாகும். பிறகு ‘இருமுறை பிடித்துவிட்டார்கள்’ என்று சொன்னால் ஆரம்பத்திலிருந்து தொடங்க வேண்டும்.

இருமுறை பிடிக்கப்பட்ட தொகை பற்றி ஒரு சொல். கடையில் இயந்திரம் திணறுகிறது, சீட்டு வரவில்லை, ‘இன்னொருமுறை போடுங்கள்’ என்கிறார் கடைக்காரர். இரண்டு குறுஞ்செய்திகள் வந்துவிடுகின்றன. ரிசர்வ் வங்கியின் 2019 செப்டம்பர் 20-ஆம் தேதிச் சுற்றறிக்கையின்படி, கணக்கில் பணம் கழிந்தும் கடையில் சீட்டு வராத பரிவர்த்தனையின் தொகை, பரிவர்த்தனை நாளிலிருந்து ஐந்து நாட்களுக்குள் தானாகவே திரும்ப வேண்டும். தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் 100 ரூபாய் இழப்பீடு. இதை வாடிக்கையாளர் கேட்டுத்தான் பெற வேண்டும் என்பதில்லை. என்றாலும் ஆறாம் நாள் கணக்கைப் பார்ப்பது நம் வேலை.

மூன்று நாள் கணக்கு

நாம் செய்யாத பரிவர்த்தனை என்றால் நேரம்தான் பணம். வங்கியின் செயலியிலேயே அட்டையை முடக்கும் பொத்தான் இருக்கிறது. முதலில் அதை அழுத்துங்கள். பிறகு அட்டையின் பின்புறம் அச்சிடப்பட்டுள்ள எண்ணை அழையுங்கள். இணையத்தில் தேடிக் கிடைக்கும் ‘வாடிக்கையாளர் சேவை’ எண்ணை ஒருபோதும் அழைக்காதீர்கள். ஒரு திருட்டைச் சொல்லப் போய் இன்னொரு திருடனிடமே மாட்டிக்கொள்வது அப்படித்தான் நடக்கிறது.

2017 ஜூலை 6-ஆம் தேதி ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கை இதற்கான பொறுப்பை வகுத்திருக்கிறது. தவறு வங்கியினுடையது என்றால் வாடிக்கையாளருக்கு எந்த இழப்பும் இல்லை, எப்போது சொன்னாலும். தவறு வங்கியுடையதும் அல்ல, வாடிக்கையாளருடையதும் அல்ல, இடையில் வேறெங்கோ நேர்ந்தது என்றால், வங்கியின் தகவல் கிடைத்த மூன்று வேலை நாட்களுக்குள் தெரிவிப்பவருக்கு இழப்பில்லை. நான்கு முதல் ஏழு வேலை நாட்கள் என்றால், சாதாரண சேமிப்புக் கணக்குக்கும் 5 லட்சம் ரூபாய் வரை வரம்புள்ள கடன் அட்டைக்கும் அதிகபட்சம் 10,000 ரூபாய். 5 லட்சத்துக்கு மேற்பட்ட வரம்புள்ள அட்டைக்கு 25,000. ஏழு நாள் கடந்துவிட்டால் அந்தந்த வங்கியின் நிர்வாகக் குழு வகுத்த கொள்கைப்படி. கடவுச்சொல்லை நாமே பிறரிடம் சொல்லியிருந்தால், புகார் செய்யும் வரையிலான இழப்பு முழுதும் நம்முடையது. புகார் செய்த நொடிக்குப் பின் நேர்வது வங்கியுடையது.

இங்கே தில்லித் தமிழர்கள் கவனிக்க வேண்டிய நுட்பம் ஒன்று உண்டு. வேலை நாட்கள் எண்ணப்படுவது கணக்கு இருக்கும் கிளையின் வேலை நாட்களைக் கொண்டு. தகவல் வந்த நாள் சேராது. பொங்கலுக்குத் தஞ்சாவூர் போயிருக்கிறோம். அங்கே வங்கிகள் அடுத்தடுத்த நாட்கள் மூடியிருக்கின்றன. ஆனால் நம் கணக்கு கோல் மார்க்கெட் கிளையில். அது திறந்திருக்கும் ஒவ்வொரு நாளும் நம் கணக்கில் ஒரு நாள். ஊருக்குத் திரும்பியதும் சொல்லிக்கொள்ளலாம் என்று இருந்தால் மூன்று நாள் கரைந்திருக்கும். புகாருக்குக் கிளைக்கு நேரில் போக வேண்டியதில்லை. தொலைபேசி, செயலி, மின்னஞ்சல் எதுவும் செல்லும். புகார் எண்ணை மட்டும் மறவாமல் குறித்துக்கொள்ளுங்கள்.

புகார் வந்த பத்து வேலை நாட்களுக்குள் வங்கி அந்தத் தொகையைத் தற்காலிகமாக வரவு வைக்க வேண்டும். முடிவு தெரியும்வரை அதை எடுக்க முடியாதபடி நிறுத்திவைக்கும் வங்கிகளும் உண்டு. 90 நாட்களுக்குள் இறுதி முடிவு சொல்லியாக வேண்டும். மிக முக்கியமானது, வாடிக்கையாளரே பொறுப்பு என்பதை மெய்ப்பிக்கும் சுமை வங்கியின் மேல் இருக்கிறது.

இது ஏட்டளவில் நின்றுவிடவில்லை. அசாமில் ஒரு வாடிக்கையாளர் இணையத்தில் வாங்கிய ஆடையைத் திருப்பித் தர முயன்றார். விற்பனை நிறுவனத்தின் சேவை மையத்திலிருந்து பேசுவதாகச் சொல்லி ஒருவர் அழைத்து, கைப்பேசியில் ஒரு செயலியைப் பதிவிறக்க வைத்தார். கணக்கிலிருந்து 94,204 ரூபாய் போயிற்று. அவர் 24 மணி நேரத்துக்குள் வங்கிக்குத் தெரிவித்தார். வாடிக்கையாளரின் அலட்சியமே காரணம் என்றது வங்கி. குவாஹாட்டி உயர் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் வங்கியின் பொறுப்பை உறுதி செய்தது. வங்கி ஒன்றின் இதழில் இந்த வழக்கை எழுதுவதில் எங்களுக்குத் தயக்கமில்லை. அந்த 24 மணி நேரம் அவருக்கு எவ்வளவு துணை நின்றது என்பது வாசகர்களுக்குத் தெரிய வேண்டும்.

கடன் அட்டைக்கு இன்னும் இரண்டு செய்திகள். 2022 ஏப்ரலில் ரிசர்வ் வங்கி வெளியிட்ட அட்டை விதிகளின்படி, மோசடி என்று மறுக்கப்பட்ட தொகைக்கு முடிவு தெரியும்வரை எந்தக் கட்டணமும் விதிக்கக் கூடாது. பில்லை மறுத்து எழுதினால் 30 நாட்களுக்குள் விளக்கமும், தேவையான இடத்தில் ஆவணச் சான்றும் தர வேண்டும். ஆனால் மறுக்காத மற்ற செலவுகளைக் கடைசித் தேதிக்குள் கட்டியாக வேண்டும். கோபத்தில் முழுப் பில்லையும் கட்டாமல் விடுவோர் உண்டு. வட்டி அந்த மற்றத் தொகைக்குத் தடையின்றி ஏறும்.

இன்னொன்று: சின்னத் தொகையை அலட்சியம் செய்யாதீர்கள். திருடிய அட்டை எண் உயிரோடு இருக்கிறதா என்று பார்க்க ஒன்றிரண்டு ரூபாயோ ஒரு டாலரோ முதலில் எடுத்துப் பார்ப்பது மோசடிக்காரர்களின் வழக்கம். வெளிநாட்டு இணையக் கடைகள் பலவற்றில் ஒருமுறைக் கடவுச்சொல் கேட்கப்படுவதில்லை. அயல்நாட்டுப் பயன்பாட்டை நிறுத்திவைக்கும் வசதி 2020 அக்டோபர் முதல் எல்லா அட்டைகளுக்கும் தரப்பட்டுள்ளது. பயணம் போகாத மாதங்களில் அது மூடியே இருக்கட்டும்.

பணம் மோசடியில் போயிருந்தால் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணிலும் உடனே பதிவு செய்யுங்கள். வங்கியிடம் புகார் செய்து 30 நாட்களில் பதில் வராவிட்டாலோ, வந்த பதில் திருப்தி தராவிட்டாலோ ரிசர்வ் வங்கியின் ஒருங்கிணைந்த குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றி முறையிடலாம். 2021 நவம்பர் 12-இல் தொடங்கிய இத்திட்டத்தில் எந்த ஊர்க் கிளை என்ற பேதமில்லை. தகவலுக்கு 14448 என்ற எண். வங்கியின் பதில் கிடைத்த ஓராண்டுக்குள் முறையிட வேண்டும். அப்போது முதலில் கேட்கப்படுவது, வங்கி தந்த புகார் எண்ணும் அது தரப்பட்ட தேதியும்.