ஈரல்வாயில்

‘வாயில்’ என்றதும் திறந்த கதவொன்றை எண்ணற்க. உடற்கூற்று நூல்கள் ஈரல்வாயில் எனக் குறிப்பது, ஈரலின் கீழ்ப்புறத்திலே ஏறத்தாழ 5 சென்ரிமீற்றர் நீளமான குறுக்குப் பிளவையே. இலத்தீனிலும் இதன் பெயர் வாயில் என்னும் பொருளதே.

இதன்வழி உட்புகும் குருதிக்குழாய்கள் இரண்டு. குடலிலிருந்து உணவுச்சத்தைச் சுமந்துவரும் ஈரல்வாயினாளம் ஒன்று. ஒட்சிசன் மிக்க குருதியைக் கொணரும் ஈரல்நாடி மற்றொன்று. ஈரல் பெறும் குருதியில் ஏறக்குறைய முக்காற்பங்கு முன்னதன் வழியே வருகிறது. பித்தம் இவ்வாயிலால் வெளியேறும். உட்சென்ற குருதியோ மீளாது. குளத்துக்கு வரத்து வாய்க்கால் ஒருபுறமும் மதகு மறுபுறமும் அமைதல்போல, ஈரல்நாளங்கள் பின்புறத்தே கீழ்ப்பெருநாளத்தைச் சேர்கின்றன. ஈரல்நாளம், ஈரல்வாயினாளம் என்னும் பெயர்களை மாணவர் மயங்கிக்கொள்வது வியப்பன்று. பெயரிட்டவர்கள் சற்றே இரங்கியிருக்கலாம்.

அம்மயக்கம் சத்திரசிகிச்சைக் கூடத்தில் ஆகாது. ஈரல் கிழிந்து குருதி பெருகும்போது, வாயிலை நோக்கிச் செல்லும் குழாய்களை விரல்களால் நெரித்து நிறுத்தும் முறையைக் கிளாஸ்கோ நகரச் சத்திரவைத்தியர் பிரிங்கில் 1908ஆம் ஆண்டு வெளியிட்டார். இன்றும் அது கையாளப்படுகிறது. நெரித்த பின்னும் பெருக்கு ஓயாதாயின், பின்புறத்து நாளங்கள் கிழிந்திருத்தல் கூடுமென வைத்தியர் ஐயுறுவர். அவற்றை எட்டுவதோ மிக அரிது.