பதின்மூன்று நூற்றாண்டுகளாக நாவில் நிற்கும் ஒரு வாசகம்

நல்வாக்குகளுக்குத் தமிழில் என்றுமே பஞ்சமில்லை. திண்ணைப் பள்ளியில் ஓதியவை, கோயில் மதிலில் எழுதி வைத்தவை, நாட்காட்டித் தாளின் அடியில் அச்சிட்டவை, இன்று விடிந்ததும் கைப்பேசியில் வந்து சேர்பவை என்று நாள்தோறும் பல கண்ணில் படுகின்றன. அவற்றுள் பெரும்பாலானவை அன்று மாலைக்குள் மறந்துபோகின்றன. மிகச் சில மட்டும் தலைமுறைகளைக் கடந்து நிலைக்கின்றன. அப்படி நிலைப்பதற்குக் காரணம் என்ன என்பதை, திருநாவுக்கரசர் பெருமான் அருளிய வாசகம் ஒன்றைக் கொண்டே சிந்திக்கலாம்.

கடலூர் மாவட்டத்தில், காட்டுமன்னார்கோயிலை அடுத்து உள்ளது மேலக்கடம்பூர். சக்கரங்களும் குதிரைகளும் பூட்டிய தேர் போன்ற வடிவில் பிற்காலச் சோழர் எழுப்பிய கற்றளி அங்கே உள்ளது. கரக்கோயில் என்று போற்றப்படும் இத்தலத்து இறைவனை அப்பர் பெருமான் குறுந்தொகையால் பாடினார். ஐந்தாம் திருமுறையில் உள்ள அப்பதிகத்தின் ஒரு பாடலில், தொண்டு ஆற்றிக்கொண்டே இருப்பதுதான் தமக்கு விதித்த கடமை என்று அவர் முடிக்கிறார். பொருளைச் சொன்ன மாத்திரத்திலேயே சைவ அன்பர்களின் நாவில் மூல வரி தானாக எழுந்துவிடும். ஏட்டைத் தேடாமலே நாவுக்கு வருவதுதான் நிலைத்த வாக்கின் முதல் அடையாளம்.

வாழ்ந்து காட்டிய சொல்

இவ்வாசகத்தைச் சொன்னவர் அதைச் சொல்வதற்கு முன்பே தொண்டு என்பது இன்னதென்று தம் இல்லத்திலேயே கண்டவர். திருவாமூரில் புகழனாருக்கும் மாதினியாருக்கும் பிறந்த மருணீக்கியார்தாம் பின்னாளில் நாவுக்கரசர் ஆனார். பெற்றோர் மறைந்தனர். தமக்கை திலகவதியாருக்கு மணம் பேசியிருந்த கலிப்பகையார் போர்க்களத்தில் உயிர் நீத்தார். தாமும் உயிர்விடத் துணிந்த திலகவதியார், தம்பிக்காக உயிர் தாங்கினார். அத்தம்பியும் சமண சமயம் சார்ந்து தருமசேனர் என்னும் பெயர் பெற்றபோது, அவர் திருவதிகை சென்று வீரட்டானத்துத் திருக்கோயிலில் அலகிட்டும், சாணத்தால் மெழுகியும், மாலை தொடுத்துச் சாத்தியும் வாழ்ந்தார். சூலை நோயால் வருந்தித் திரும்பிய தம்பிக்குத் திருநீறு அளித்து ஆட்கொண்டவரும் அந்தத் தமக்கையாரே.

பின்னர் நீற்றறையும், நஞ்சும், யானையும், கல்லோடு பிணைத்துக் கடலில் எறிந்த கொடுமையும் நாவுக்கரசரை அசைக்கவில்லை. கரையேறி வந்தவர் கையில் எடுத்தது ஓர் உழவாரம். கோயில் திருமுற்றத்தில் முளைத்த புல்லையும் முள்ளையும் செதுக்கும் எளிய கருவி அது. முதுமையில் திருப்புகலூரில் அவர் பணி செய்தபோது, உழவாரம் பட்ட இடங்களில் பொன்னும் நவமணிகளும் மின்னின. பருக்கைக் கல்லையும் பொன்னையும் ஒன்றாகவே கருதி, இரண்டையும் அள்ளிக் குளத்தில் எறிந்தார் என்று சேக்கிழார் பெருமான் பெரியபுராணத்தில் உரைக்கிறார். பணியின் பயனாக எதையும் வேண்டாதவர் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டியதில்லை.

சொல்லுக்கு முதுகெலும்பாக ஒரு வாழ்வு நிற்கும்போது அச்சொல் உதிர்வதில்லை. வாடிய பயிரைக் கண்டு தம் உள்ளமும் வாடியதாக வள்ளற்பெருமான் பாடியது இன்றும் நெஞ்சை உருக்குகிறது. 1867ஆம் ஆண்டு வடலூரில் அவர் ஏற்றிய அடுப்பு இன்றளவும் அணையாமல் பசித்தவர்க்குச் சோறு சமைக்கிறது. அந்த அடுப்பே அவ்வாக்குக்கு எழுதப்பட்ட உரை. அழகாகக் கோத்த சொற்கள் கேட்பவரை ஒரு கணம் மகிழ்விக்கும். வாழ்ந்தவர் வாய்ச்சொல் கேட்பவரை எழுந்து நடக்கச் செய்யும். திங்களில் ஒரு நாளேனும் பாழடைந்த கோயில்களைத் தேடிச் சென்று செடிகொடி அகற்றும் அன்பர் குழுக்கள், தம் தொண்டுக்கு ‘உழவாரப் பணி’ என்றே பெயர் வைத்திருப்பதை இங்கே எண்ணிப் பார்க்கலாம்.

மறந்துபோன முற்பாதி

நிலைத்த வாக்குகளுக்கு ஓர் ஆபத்தும் உண்டு. பழகப் பழக அவை பாதியாகக் குறைந்துவிடுகின்றன. அப்பரின் இவ்வாசகமும் அதற்கு விலக்கன்று. சோம்பலின்றி உழைக்க வேண்டும் என்பதற்கு மேற்கோளாக மேடைகளில் அதை எடுத்துச் சொல்வர். ஆனால் பாடலில் அதற்கு முன்னே இன்னொரு பாதி இருக்கிறது. முருகப்பெருமானைப் பெற்ற அன்னையைத் தன் பாகத்தில் கொண்ட கரக்கோயில் இறைவனுக்கும் ஒரு கடமை உண்டு என்கிறார் அப்பர். அடியவனாகிய தம்மைச் சுமந்து காப்பது அக்கடமை.

‘கடன்’ என்னும் ஒரே சொல்லை இறைவனுக்கும் அடியவனுக்கும் அவர் பொதுவாக வைக்கிறார். கடன் என்றால் கடமை. திருப்பித் தர வேண்டியது என்ற பொருளும் அதற்கு உண்டு. ஆண்டவனிடமே ‘இது உன் பொறுப்பு’ என்று சொல்லும் உரிமை, அவனுக்கே தம்மை ஒப்படைத்தவர்க்கு மட்டும் வாய்ப்பது. முற்பாதியை விட்டுவிட்டால் எஞ்சுவது உழைப்புக்கான கட்டளை மட்டுமே. இரண்டையும் சேர்த்துக் கேட்டால், கவலையை இறக்கி வைத்துவிட்டுப் பணியை மட்டும் கையில் வைத்துக்கொள்ளும் விடுதலை அதில் கிடைக்கிறது.

முதுமைக்கும் ஒரு வாசல்

இளமையில் இவ்வாசகத்தைக் கேட்பவர்க்கு அதில் தொண்டு என்னும் சொல்லே பெரிதாகத் தெரியும். குடும்பப் பாரம் சுமக்கும் நடுவயதில் கடமை என்னும் சொல் உறைக்கும். முழங்கால் தளர்ந்து, பிரகாரம் சுற்றவும் ஒரு கை பற்றத் தேவைப்படும் வயதில், தாங்குபவன் ஒருவன் உண்டு என்னும் முற்பாதி திறந்துகொள்கிறது. ஒவ்வொரு பருவத்துக்கும் ஒரு வாசலைத் திறந்து வைப்பதும் நிலைத்த வாக்கின் இயல்பு.

‘இனி நம்மால் யாருக்கு என்ன பயன்’ என்னும் ஏக்கம் பல முதியோர் நெஞ்சில் இருக்கிறது. அப்பர் தம் வாசகத்தைக் ‘கிடத்தல்’ என்னும் சொல்லால் முடித்திருப்பதை அவர்கள் ஊன்றி நோக்க வேண்டும். இடைவிடாமல் அதிலேயே தங்கியிருத்தல் என்பது அதன் பொருள். எவ்வளவு செய்தோம் என்னும் அளவு அங்கே பேசப்படவில்லை. உட்கார்ந்த இடத்தில் பூத் தொடுப்பதும், விளக்குக்குத் திரி திரிப்பதும், வீட்டில் இருந்தபடி ஒரு பதிகம் ஓதுவதும் அந்தக் கணக்கில் சேரும். அலகிட்டு மெழுகிய திலகவதியாரின் பணியை யாரும் சிறிது என்று எண்ணியதில்லை.

கேட்டவர் வாயிலாகவே வாழ்வது

தில்லையில் பூட்டிய அறைக்குள் தேவார ஏடுகளைக் கறையான் அரித்திருந்ததையும், சோழ மன்னரும் நம்பியாண்டார் நம்பியும் எஞ்சியவற்றை மீட்டதையும் மரபு கூறுகிறது. ஏட்டில் இருந்தால் மட்டும் போதாது என்பதை மன்னர்கள் உணர்ந்திருந்தனர். தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் பாட 48 பேரை முதலாம் இராசராசன் நியமித்து, அவர்கள் ஒவ்வொருவருக்கும் நாள்தோறும் முக்குறுணி நெல் வழங்க ஏற்பாடு செய்ததை அங்குள்ள கல்வெட்டு இன்றும் சொல்கிறது. பாடும் வாயும் கேட்கும் செவியும் இருந்தால்தான் வாக்கு வாழும் என்பதே அந்த ஏற்பாட்டின் கருத்து.

இன்று அந்த நியமனம் வீட்டுப் பெரியவர்களிடம் வந்து சேர்ந்திருக்கிறது. பேரப்பிள்ளை தேர்வுக்குப் புறப்படும்போதோ, வேலை கிடைக்காமல் சோர்ந்து அமரும்போதோ, இந்தப் பாடலை இரண்டு பாதியும் சேர்த்து ஒருமுறை சொல்லிக் கொடுக்கலாம். சித்திரைச் சதயத்தில் அப்பர் பெருமானின் குருபூசை வரும் நாளில், சிவாலயத்துக்கு அழைத்துச் சென்று, உழவாரம் ஏந்திய அவர் திருவுருவத்தைக் காட்டி, அந்தக் கருவி எதற்கு என்று பிள்ளை கேட்கும்வரை சற்றுக் காத்திருக்கலாம். பிள்ளை கேட்டதும் திருப்புகலூர்க் குளத்தில் எறிந்த பொன்னின் கதையிலிருந்து தொடங்கினால் போதும்.