குழந்தைக் கவிஞர் அழ. வள்ளியப்பா

தங்கவயலைச் சேர்ந்த நந்திதுர்க்கில் வளரும் தமிழ்க் குழந்தையின் காதில் நாள்தோறும் நான்கு மொழிகள் விழுகின்றன. வீட்டில் தமிழ், கடைத்தெருவில் கன்னடமும் தெலுங்கும், பள்ளியில் ஆங்கிலம். இவற்றுள் எழுதப் படிக்கக் கற்பிக்கப்படாத மொழி, பல வீடுகளில், தாய்மொழியாகவே அமைந்துவிடுகிறது. வட ஆர்க்காட்டிலிருந்தும் சேலத்திலிருந்தும் சுரங்க வேலைக்கென்று வந்தவர்களின் வழியில் வந்த பிள்ளைகள் இவர்கள். 2001 ஆம் ஆண்டில் சுரங்கங்கள் மூடப்பட்டபின், பெற்றோர் பலர் விடியுமுன் ரயிலேறிப் பெங்களூர் சென்று இரவில் திரும்புகின்றனர். பிள்ளையை அருகில் அமர்த்தித் தமிழெழுத்துக் கற்பிக்க அவர்களுக்குப் பொழுது ஏது? இந்நிலையிலுள்ள குடும்பங்களுக்கு அழ. வள்ளியப்பாவின் தொண்டு பெரிதும் பயன்படத்தக்கது. எழுத்தறியாப் பருவத்துக் குழந்தையின் செவியை மனத்திற்கொண்டு எழுதியவர் அவர்.

புதுக்கோட்டைச் சமஸ்தானத்தைச் சேர்ந்த இராயவரத்தில் 1922 ஆம் ஆண்டு நவம்பர் 7 ஆம் நாள் அவர் பிறந்தார். பள்ளிப் படிப்போடு கல்வி நின்றது. 1940 இல் சென்னை சென்று, வை. கோவிந்தன் நடத்திவந்த ‘சக்தி’ பத்திரிகைக் காரியாலயத்தில் வேலைக்கு அமர்ந்தார். அங்கே ஆசிரியராக இருந்த தி. ஜ. ர. இவ்விளைஞரை எழுதத் தூண்டினார். மறு ஆண்டே இந்தியன் வங்கியில் உத்தியோகம் கிடைத்தது. நாற்பது ஆண்டுகளுக்கு மேல் அவ்வுத்தியோகத்திலிருந்தபடியே, ஓய்வு நேரத்தில் குழந்தைகளுக்கு எழுதினார். சிறுவர்க்கு எழுதுவது சில்லறை வேலை என்று பெரிய எழுத்தாளர்கள் எண்ணிய காலம் அது. இன்றும் அவ்வெண்ணம் முற்றும் ஒழிந்ததாகத் தோன்றவில்லை.

1944 இல் ‘மலரும் உள்ளம்’ என்ற அவருடைய முதற்பாடல் தொகுதி வெளிவந்தது. அதில் இருந்தவை இருபத்து மூன்று பாடல்களே. பின்னர் அந்நூல் விரிந்து இரண்டு தொகுதிகளாயிற்று. தமிழில் குழந்தைப் பாட்டு அவரோடு தொடங்கியதன்று. பாரதியாரின் பாப்பாப் பாட்டும், கவிமணி தேசிகவிநாயகம் பிள்ளையின் பாடல்களும் முன்னரே வழிகாட்டியிருந்தன. ஆனால் அவர்கள் பிற துறைகளிலும் பாடிய கவிஞர்கள். வள்ளியப்பாவோ தம் எழுத்து முழுவதையும் குழந்தைகட்கே அளித்தார். ஈசாப்பின் கதைகளைப் பாட்டாக்கினார். காந்தியடிகளின் வரலாற்றையும் பாட்டிலே சொன்னார்.

அவர் பாட்டின் அமைப்பைச் சற்றே கவனிப்போம். அடிகள் குறுகியவை, சொற்கள் வீட்டில் வழங்குபவை, தாளம் கைகொட்டிப் பாடுவதற்கு ஏற்றது. எதுகையும் இயைபும் இருப்பதனால், ஓரடியைக் கேட்ட குழந்தை அடுத்த அடியின் முடிவைத் தானே ஊகித்துக்கொள்கிறது. இவ்வளவு எளிமை எளிதில் வாய்ப்பதன்று. கடினமான சொல் ஒன்று புகுந்தால் குழந்தை அந்த இடத்திலேயே நின்றுவிடும். பெரியவர்களைப் போல மரியாதைக்காகத் தலையசைக்காது!

கன்னட நாட்டில் வளரும் குழந்தைக்கு இவ்வகைப் பாட்டால் விளையும் பயன் தனியானது. இக்காலக் கன்னடத்தில் ழகரம் வழக்கில் இல்லை; றகரமும் மறைந்துவிட்டது. குழல், நிழல் என இரு சொற்கள் பாட்டிலே எதுகையாக எதிரெதிர் நிற்கும்பொழுது, ழகர ஒலி இருமுறை செவியிற்பட்டு நாவிலும் படிகிறது. எழுத்திலும் ஓர் இடர்ப்பாடு உண்டு. கன்னடத்தில் வல்லொலிக்கும் மெல்லிய ஒலிக்கும் தனித்தனி எழுத்துக்கள் இருக்கின்றன. தமிழிலோ பழம் என்பதிலும் தம்பி என்பதிலும் பகரம் ஒன்றே, ஒலி வேறு. கன்னட எழுத்தை முதலிற் கற்ற பிள்ளை இங்கே தடுமாறும். பாட்டை முன்பே மனப்பாடம் செய்த பிள்ளைக்கு அத்தடுமாற்றம் குறைவு. சொல்லின் ஒலி அதற்குத் தெரியும், எழுத்தை அதனோடு பொருத்திப் பார்ப்பதே எஞ்சிய வேலை. ஆதலின் முதலிற் பாட்டு, பிறகு புத்தகம் என்ற முறையைக் கொள்ளலாம். தாய் தந்தையர்க்கு ஓய்வில்லாவிடில் பாட்டியே இதற்குப் போதும். அவர் எழுத்தறியாதவராயினும் குறையில்லை.

தாம் மட்டும் எழுதினால் போதாது என்று கருதியவர் வள்ளியப்பா. 1950 இல் குழந்தை எழுத்தாளர் சங்கம் தோன்ற முன்னின்று உழைத்தார். வங்கியிலிருந்து ஓய்வு பெற்றபின் ‘கோகுலம்’ இதழின் ஆசிரியப் பொறுப்பை ஏற்று, சிறுவர்களையே எழுதத் தூண்டினார்.

அவருடைய உரைநடை நூல்களுள் ‘நம் நதிகள்’ தங்கவயல் குழந்தைகளுக்கு மிகவும் ஏற்றது எனலாம். தென்னாட்டு ஆறுகளைப் பற்றிய அந்நூலை நேஷனல் புக் டிரஸ்ட் இந்திய மொழிகள் பலவற்றில் வெளியிட்டது. ஆகவே தமிழ்ப் பிள்ளையும் பக்கத்து வீட்டுக் கன்னடப் பிள்ளையும் ஒரே செய்தியைத் தத்தம் மொழியில் படித்துப் பேசிக்கொள்ளலாம். தங்கவயலுக்குக் காவிரி அயலானதன்று. 1902 ஆம் ஆண்டிலேயே சிவசமுத்திரம் அருவியின் மின்சாரம் இங்குள்ள சுரங்கங்களுக்கு வந்துவிட்டது. பேத்தமங்கலத்து ஏரியின் வாயிலாகப் பாலாறு இவ்வூரார்க்குக் குடிநீரும் தந்தது. புத்தகத்தில் ஆற்றின் பெயரைக் காணும் பிள்ளைக்கு இவற்றையும் சேர்த்துச் சொல்லலாம்.

1989 ஆம் ஆண்டு மார்ச் 16 ஆம் நாள், மதுரையில் பல்கலைக்கழகக் கூட்டமொன்றில், குழந்தை இலக்கியத்திற்குப் பல்கலைக்கழகங்களில் தனித்துறை வேண்டுமென்று பேசிக்கொண்டிருந்த வள்ளியப்பா மயங்கி விழுந்து உயிர் நீத்தார். அப்பொழுது அவருக்கு வயது அறுபத்தாறு.