கைப்பேசி நினைவகச் சில்லின் மின்முனைகள்

கைப்பேசியில் எடுக்கப்படும் நிழற்படங்களும் எழுதப்படும் குறிப்புகளும் அதனுள் பொருத்தப்பட்ட ஒரு சிறு சில்லில் பதிந்து நிற்கின்றன. பல கைப்பேசிகளில் இச்சில்லு ஈ.எம்.எம்.சி. என்னும் வகையைச் சேர்ந்ததாகும். கைப்பேசி நீரில் விழுந்து பழுதுற்றபோதிலும் சில்லு கெடாமலிருத்தல் கூடும். அந்நிலையில், அதன் மின்முனைகளை அறிந்தோர் பதிவுகளை மீட்க முயலலாம்.

பொதுவான ஈ.எம்.எம்.சி. சில்லு 11.5 மி.மீ. அகலமும் 13 மி.மீ. நீளமும் உடையது. இதன் அடிப்புறத்தில் 153 பற்றாசுக் குண்டுகள் அரை மி.மீ. இடைவெளியில் அமைந்துள்ளன. இவ்வெண்ணிக்கையைக் கண்டு மலைக்க வேண்டுவதில்லை. பெரும்பாலானவை செய்தி எதையும் கடத்துவதில்லை. பதிவுகளைப் படிப்பதற்கு ஆறு இணைப்புகளே போதும்.

அவற்றுள் மூன்று மின்னூட்டத்திற்கு உரியவை. வி.சி.சி. முனை நினைவு அறைகளுக்கு 2.7 முதல் 3.6 வோல்ட் வரை அளிக்கிறது. வி.சி.சி.கியூ. முனை செய்திக் கம்பிகளுக்கு உரியது. கைப்பேசிகளில் இது பெரும்பாலும் 1.8 வோல்ட் ஆகும். மூன்றாவது தரை இணைப்பு. சில்லைப் பலகையிலிருந்து கழற்றாமலே படிக்கும்போது 1.8 வோல்ட் முனையில் 3.3 வோல்ட் செலுத்தினால், அதே கம்பியோடு இணைந்த பிற உறுப்புகள் பாழாகக்கூடும்.

ஏனைய மூன்றும் செய்திக்கு உரியவை. எம்-6 என்னும் இடத்திலுள்ள கடிகை முனை காலத்துடிப்பை அளிக்கிறது. துடிப்பின்றிச் செய்தி நகராது. எம்-5 முனையில் கட்டளை உட்செல்கிறது, மறுமொழி வெளிவருகிறது. தரவு முனைகள் எட்டு. ஆயினும் மின்னூட்டியவுடன் சில்லு ஏ-3 இலுள்ள முதல் தரவு முனையை மட்டுமே பயன்படுத்தும். கட்டளை பெற்ற பின்னரே நான்கு அல்லது எட்டு முனைகளுக்கு மாறும். ஆகவே, ஒரே தரவு முனையால் சில்லு முழுவதையும் படிக்கலாம். விரைவு மட்டுமே குறையும்.

இங்கு ஆங்கில எழுத்து வரிசையையும் எண் நிரலையும் குறிக்கும். விளக்கப்படம் மேலிருந்து நோக்குவதாக வரையப்பட்டிருப்பின், சில்லைக் கவிழ்த்துக் காணும்போது இடம் வலமாக மாறித் தோன்றும். மேலும், யூ.எஃப்.எஸ். வகைச் சில்லுகளிலும் 153 குண்டுகள் கொண்டவை உண்டு. அவற்றின் இணைப்பு முறை முற்றிலும் வேறு. எனவே, குண்டுகளை எண்ணுவதோடு நில்லாது, சில்லின் மேலுள்ள குறியெண்ணைக் கொண்டு வகையை உறுதி செய்தபின்னரே மின்னூட்டுதல் வேண்டும்.

புதிய கைப்பேசிகள் பதிவுகளை மறைகுறியாக்கிச் சேமிக்கின்றன. அதற்கான திறவுகோல் கைப்பேசியின் செயலியைச் சார்ந்திருப்பதால், சில்லை மட்டும் படித்துப் பயனில்லை. அத்தகைய கருவிகளில் பலகையைப் பழுதுபார்த்து இயங்கச் செய்வதே தக்க வழியாகும்.