பல்கலைக்கழகங்களின் கோப்பை: ரோஹிண்டன் பாரியா டிராபியும் நம் வீட்டுப் பிள்ளைகளும்

செகந்திராபாத்தில் நம் நண்பர் ஒருவர் வீட்டில் நடந்தது இது. அமெரிக்காவில் படிக்கும் மகன் போனில், "அப்பா, எங்க காலேஜ் பேஸ்பால் டீம் கான்பரன்ஸ் சாம்பியன்ஷிப் ஜெயிச்சிடுச்சு!" என்று கத்தினான். நண்பர் திகைத்துப் போனார். கான்பரன்ஸ் என்றால் மாநாடு என்றுதானே நாம் படித்திருக்கிறோம்? மாநாட்டில் எதற்கடா பேஸ்பால் என்று கேட்டிருக்கிறார். பையன் சிரித்துவிட்டு விளக்கியிருக்கிறான்.

அந்த விளக்கம் இதுதான். அமெரிக்காவில் அருகருகே உள்ள, அல்லது ஏறக்குறைய ஒரே தரத்தில் உள்ள பல்கலைக்கழகங்கள் சேர்ந்து அமைத்துக்கொள்ளும் விளையாட்டுக் குழுமத்துக்குத்தான் கான்பரன்ஸ் என்று பெயர். பருவம் முழுக்க அவை தங்களுக்குள் மோதும். முடிவில் ஒரு சாம்பியன்ஷிப் போட்டி நடக்கும். அட்லாண்டிக் கோஸ்ட் கான்பரன்ஸ் 1973-லும், சவுத்ஈஸ்டர்ன் கான்பரன்ஸ் 1977-லும் இத்தகைய பேஸ்பால் போட்டியைத் தொடங்கின. இப்படிப் போட்டி நடத்தும் கான்பரன்ஸில் ஜெயிக்கிற அணிக்குத் தேசியப் போட்டியில் நேரடி இடம் உண்டு. 1999 முதல் தேசியப் போட்டியில் 64 அணிகள். அவற்றில் கடைசி 8 அணிகள் ஒமாஹா நகரில் கூடுகின்றன. கல்லூரிகளின் உலகத் தொடர் எனப்படும் இது 1947-ல் தொடங்கி, 1950 முதல் அந்த ஊரிலேயே நடந்து வருகிறது.

நண்பர் என்னிடம் இதைச் சொல்லிவிட்டு, "நம்ம ஊர்ல இதெல்லாம் எங்கே சார்?" என்று பெருமூச்சு விட்டார். நம்ம ஊரில் இது இருக்கிறது. பேஸ்பாலில் தேடாமல் கிரிக்கெட்டில் தேட வேண்டும். அதுவும் அந்த ஒமாஹா தொடருக்குப் பன்னிரண்டு ஆண்டுகள் முந்தியே வந்துவிட்டது. ஆனால் நம்மில் எத்தனை பேருக்கு ரோஹிண்டன் பாரியா டிராபி என்ற பெயர் தெரியும்?

ஒரு தந்தை தந்த கோப்பை

பல்கலைக்கழகங்கள் கிரிக்கெட்டில் மோதுவது இங்கிலாந்தில் தொடங்கிய வழக்கம். ஆக்ஸ்போர்டும் கேம்பிரிட்ஜும் முதன்முதலாக ஆடியது 1827-ல். இந்தியாவில் மாநில, மாகாண அணிகளுக்கான ரஞ்சி டிராபி 1934-ல் பிறந்தது. அதன் முதல் ஆட்டம் நம் சேப்பாக்கத்தில் சென்னைக்கும் மைசூருக்கும் நடந்தது. ஒரே நாளில் முடிந்துபோன அந்த ஆட்டத்தில் ஏ.ஜி. ராம்சிங் 11 விக்கெட் எடுத்தார்.

அடுத்த ஆண்டே மாணவர்களுக்கும் ஒரு கோப்பை கிடைத்தது. பம்பாயைச் சேர்ந்த அர்தேஷிர் தாதாபாய் பாரியா என்ற பார்சிப் பெரியவர், தம் மகன் ரோஹிண்டன் நினைவாக அதை வழங்கினார். 1935-36-ல் நடந்த முதல் போட்டியில் பஞ்சாப் பல்கலைக்கழகம் வென்றது. பிற்காலத்தில் அதிக முறை வென்ற பெருமை பம்பாய்ப் பல்கலைக்கழகத்துக்கே உரியது.

தொடக்கத்தில் கிரிக்கெட் வாரியம் இதை நடத்தியது. 1940-41 முதல் பல்கலைக்கழகங்களின் சொந்த விளையாட்டு வாரியம் பொறுப்பேற்றது. 1925-ல் தொடங்கிய பல்கலைக்கழகங்களுக்கிடையேயான வாரியம்தான் அதன் தாய் அமைப்பு. 1973-ல் அந்த அமைப்பு இந்தியப் பல்கலைக்கழகங்களின் சங்கம் என்று பெயர் மாறியது.

அமெரிக்கப் பிள்ளைகள் கான்பரன்ஸ் என்று சொல்வதன் இடத்தில் நம் நாட்டில் இருப்பது மண்டலம், அதாவது 'ஜோன்'. தெற்கு, மேற்கு, வடக்கு, கிழக்கு என நான்கு. முதலில் மண்டலப் போட்டி. அதில் தேறியவர்களுக்கு அகில இந்தியப் போட்டி. மண்டலப் போட்டியை ஏதாவது ஒரு பல்கலைக்கழகம் ஏற்று நடத்தும். தென் மண்டலத்தில் அணிகளின் எண்ணிக்கை மிக அதிகம். அதனால் முதலில் தோற்றவர் வெளியேறும் நாக்-அவுட், கடைசி நான்கு அணிகளுக்குள் லீக் என்பது வழக்கமான முறை. அமெரிக்காவில் பல கான்பரன்ஸ்களில் ஒரு தோல்விக்கு மன்னிப்பு உண்டு, இரண்டாவது தோல்விக்குப் பிறகுதான் மூட்டை கட்ட வேண்டும். நம் பையன்கள் நாள் முழுக்க ரயிலில் போய், முதல் ஆட்டத்திலேயே தோற்று, மறுநாளே திரும்புவதும் உண்டு.

1966-67-ல் விஸ்ஸி டிராபி சேர்ந்தது. 1965 டிசம்பரில் காலமான விஜயநகரம் மகாராஜகுமார் நினைவாக ஏற்பட்டது அது. இதில் ஒவ்வொரு மண்டலத்தின் சிறந்த மாணவர்களும் ஒரே அணியாகச் சேர்ந்து ஆடுவார்கள்.

ஐதராபாத்தும் சென்னையும்

நம் தமிழ் மக்களுக்கு உவப்பான செய்தி ஒன்று. பஷீர்பாக்கில் உள்ள நிஜாம் கல்லூரி 1887-ல் தொடங்கப்பட்டது. அடுத்த அறுபது ஆண்டுகள், அதாவது 1947 வரை, அது சென்னைப் பல்கலைக்கழகத்தோடு இணைந்திருந்தது. நிஜாமின் தலைநகரில் படித்த பையன் வாங்கியது சென்னைப் பட்டம்! 1947-ல்தான் அது உஸ்மானியா பல்கலைக்கழகத்தின் கல்லூரி ஆயிற்று. பிற்காலத்தில் முகம்மது அசாருதீன் படித்ததும் அங்கேதான்.

இந்த நகரத்துக்குக் கிரிக்கெட் புதிதல்ல. மொய்னுத்தௌலா தங்கக் கோப்பை 1930-31-லேயே இங்கு தொடங்கிவிட்டது. 1955 நவம்பரில் பதே மைதானத்தில் நடந்த முதல் டெஸ்டில் உள்ளூர்க்காரர் குலாம் அகமது இந்தியாவுக்குத் தலைமை வகித்தார். பாலி உம்ரிகர் 223 ரன் எடுத்தது அந்த ஆட்டத்தில்தான். டெஸ்டில் ஓர் இந்தியரின் முதல் இரட்டைச் சதம் அது.

கோப்பை ஜொலித்த காலம்

அந்நாளில் மாணவர் கிரிக்கெட்டுக்கு எவ்வளவு மதிப்பு என்பதற்கு ஒரே ஒரு கதை போதும். பம்பாய்ப் பல்கலைக்கழகத்துக்காக அஜித் வாடேகர் ஒரே இன்னிங்ஸில் 324 ரன் எடுத்து சாதனை படைத்திருந்தார். 1970-ல் அதே பல்கலைக்கழகத்தின் சுனில் கவாஸ்கர், குஜராத் பல்கலைக்கழகத்துக்கு எதிராக 327 எடுத்து அதை முறியடித்தார். அடுத்த ஆண்டே மேற்கிந்தியத் தீவுகளுக்குப் போன இந்திய அணியில் இருவரும் இருந்தார்கள். வாடேகர் கேப்டன், கவாஸ்கர் புதுமுகம். நான்கு டெஸ்டுகளில் அந்தப் பையன் 774 ரன் குவித்தார். அந்த நாட்டின் மீது இந்தியாவின் முதல் தொடர் வெற்றி அது.

அந்த அணியில் ஐந்து ஐதராபாத் வீரர்களும் இருந்தார்கள்: ஜெய்சிம்ஹா, ஆபித் அலி, கிருஷ்ணமூர்த்தி, கோவிந்தராஜ், ஜெயந்திலால். விரல் பிரச்சினையால் கவாஸ்கர் முதல் டெஸ்ட் ஆடவில்லை. அவர் இடத்தில் ஆடியவர் நம் ஊர் ஜெயந்திலால்தான்.

நம் சென்னையிலும் அப்படித்தான். கிண்டி பொறியியல் கல்லூரி மாணவர் வெங்கட்ராகவன் 1965-ல் பத்தொன்பது வயதில் டெஸ்ட் ஆட வந்தார். அதே தொடரில் டில்லியில் நியூசிலாந்துக்கு எதிராக 12 விக்கெட் எடுத்தார். படிப்பும் ஆட்டமும் ஒரே பையில் இருந்த காலம் அது.

ஏன் மங்கியது?

கோப்பை நின்றுவிடவில்லை, ஆனால் பேச்சு குறைந்துவிட்டது. காரணம் தேடித் தூரம் போக வேண்டாம். கிரிக்கெட் வாரியம் தனக்கென ஓர் ஏணி கட்டிக்கொண்டது. 22 வயதுக்குட்பட்டோருக்கு சி.கே. நாயுடு டிராபி 1973-74-ல் வந்தது. பள்ளி மாணவர்களுக்கு இருந்த கூச் பெஹார் டிராபி 1987-88-ல் 19 வயதுக்குட்பட்டோர் போட்டியாக மாறியது. 2000-ல் பெங்களூரில் தேசிய அகாடமி, 2008-ல் ஐ.பி.எல். திறமையுள்ள பையனைப் பதினாறு வயதிலேயே கண்டுபிடித்துவிடுகிறார்கள். அவன் கல்லூரிக்கு வரும்போது தேர்வாளர்கள் அவனைப் பார்த்து முடித்திருப்பார்கள். போகட்டும் என்று விட்டுவிடலாமா? விடக்கூடாது என்பதுதான் என் கட்சி.

நமக்கு இதில் என்ன?

புலம்பெயர்ந்த குடும்பத்துக்கு ஒரு சங்கடம் எப்போதும் உண்டு. மாநில அணியில் ஆட வேண்டுமென்றால் பிறந்த இடம், வசிக்கும் இடம், படித்த இடம் என்று சான்றுகள் காட்ட வேண்டும். வேலை மாற்றலில் ஊர் ஊராகப் போனவர்களைக் கேட்டுப் பாருங்கள், கதை கதையாகச் சொல்வார்கள். பல்கலைக்கழக அணியில் அந்தக் கேள்வியே இல்லை. நீ எந்த ஊர், என்ன பாஷை என்று யாரும் கேட்பதில்லை. அங்கே முறையாகப் படிக்கும் மாணவனா, வயது வரம்புக்குள் இருக்கிறானா, ஆட்டம் வருமா, அவ்வளவுதான். வேறு மாநிலத்தில் வாழும் பிள்ளைக்கு இதைவிடச் சமமான ஆடுகளம் எனக்குத் தெரியவில்லை.

இரண்டாவது, வயிற்றுப்பாடு. மத்திய அரசின் விளையாட்டு ஒதுக்கீட்டு வேலைகளுக்கு, பல்கலைக்கழகங்களுக்கிடையேயான போட்டியில் தம் பல்கலைக்கழகத்துக்காக ஆடியதும் ஒரு தகுதியாக ஏற்கப்படுகிறது. டெஸ்ட் ஆட லட்சத்தில் ஒருவருக்குத்தான் கொடுத்துவைக்கும். இந்தச் சான்றிதழ் இன்னும் பல பேருக்குக் கைகொடுக்கும்.

பெண் பிள்ளைகளுக்கும் தனிப் போட்டி உண்டு. செகந்திராபாத்தில் வளர்ந்த தமிழ்க் குடும்பத்துப் பெண் மிதாலி ராஜ், 1999-ல் தம் முதல் ஒருநாள் சர்வதேச ஆட்டத்திலேயே 114 ரன் எடுத்து ஆட்டமிழக்காமல் நின்றார். 2002-ல் டான்டனில் டெஸ்டில் 214. உள்நாட்டில் அவர் பல்லாண்டு ஆடியது ரயில்வே அணிக்கு. வேலையும் விளையாட்டும் சேர்ந்த பாதை அது. எல்லாருக்கும் அந்த உயரம் வாய்க்காது என்றாலும், பாதை இருக்கிறது என்று தெரிந்தால்தானே பிள்ளை கால் வைக்கும்?

பெற்றோர் செய்ய வேண்டியது கொஞ்சம்தான். பிள்ளை சேர்ந்த கல்லூரி எந்தப் பல்கலைக்கழகத்தோடு இணைந்தது என்று முதலில் பாருங்கள். ஜே.என்.டி.யு.வோடு இணைந்த பொறியியல் கல்லூரியில் படிப்பவர் ஜே.என்.டி.யு. அணிக்குத்தான் ஆட முடியும், உஸ்மானியாவுக்கு அல்ல. கல்வியாண்டு தொடங்கியதுமே உடற்கல்வி இயக்குநரிடம் பெயர் கொடுக்கச் சொல்லுங்கள். தேர்வு ஆட்டங்கள் எப்போது என்று கேட்டு வைக்கச் சொல்லுங்கள். அறிவிப்புப் பலகையைப் பார்க்காமல் தேதியைத் தவறவிட்டவர்கள் நிறைய. சான்றிதழை மதிப்பெண் பட்டியலோடு சேர்த்துப் பத்திரமாக வையுங்கள்.

"படிப்பா, விளையாட்டா?" என்று நாம் பிள்ளைகளிடம் கேட்கிறோம். மகனின் பெயர் நிலைக்க வேண்டும் என்று எண்ணிய ஒரு தந்தை, அந்தக் கோப்பையைப் படிக்கும் பிள்ளைகள் கையில் கொடுத்தார். அந்தத் தந்தைக்கு இரண்டும் ஒன்றாகவே பட்டிருக்கிறது. நமக்கும் அப்படிப் பட்டால் நல்லது.